எழில்மாறனுக்கு எடுத்த மீசை

நடிகர் எழில்மாறன் சாகவில்லை. இதை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். அன்றைக்குக் காலையில் யாராவது விசாரித்து இந்த ஒரு வரியைச் சொல்லியிருந்தால், விருத்தாசலத்தில் ஒரு குடும்பத்துக்கு இத்தனை பாடு வந்திருக்காது. சொல்லத்தான் ஆளில்லை. மூச்சுத் திணறல் என்று அவரைச் சென்னையில் ஓர் ஆஸ்பத்திரியில் சேர்த்திருந்தார்கள் என்பது வரைக்கும் உண்மை. அதற்கு மேல் எல்லாம் வாட்ஸ்அப் பார்த்துக்கொண்டது. மெழுகுவர்த்தி, பறக்கிற புறா, நடுவில் அவருடைய இளவயதுப் படம். பொழுது விடிவதற்குள் ஊரில் உள்ள எல்லாப் போனிலும் அவர் செத்துவிட்டார்.

கொளஞ்சிநாதன் ஷிப்ட் முடிந்து அப்போதுதான் வீட்டுக்கு வந்திருந்தான். செராமிக் எஸ்டேட்டில் ஒரு பீங்கான் கம்பெனியில் சூளையில் சரக்கு அடுக்குகிற வேலை. எழில்மாறன் ரசிகர் மன்றத்துக்கு நகரச் செயலாளரும் அவன்தான். நாற்பது வயதைத் தாண்டியும் அந்தப் பதவியை விடவில்லை, கேட்கவும் ஆள் இல்லை. போனைப் பார்த்தான். டீயைக் கீழே வைத்தான். சட்டையைக்கூட மாற்றாமல் மணிமுத்தாற்றுக்கு ஓடினான்.

ஆற்றங்கரையில் மன்றத்து ஆட்கள் கூடியிருந்தார்கள். கண்ணீர் அஞ்சலி பிளெக்ஸ் அதற்குள் வந்துவிட்டது. எங்கள் ஊரில் காதுகுத்துக்குச் சொன்ன பிளெக்ஸ் தாமதமாகும், சாவுக்குச் சொன்னது நின்ற இடத்தில் வரும். மேளமும் வந்தது. அவருக்குப் பிள்ளை கிடையாது, மொட்டை போட ஆளில்லாமல் அண்ணன் போகலாமா என்று ஒருவர் கேட்டார். எல்லாரும் கொளஞ்சிநாதனைப் பார்த்தார்கள். அவன் போய்ச் சலூன் அன்பரசன் முன்னால் குந்தினான்.

வெளியூர்க்காரர்களுக்கு ஒன்று சொல்ல வேண்டும். எங்கள் பக்கத்தில் சாமிக்கு மொட்டை போட்டால் மீசையை விட்டுவிடுவார்கள். தலையோடு மீசையும் போயிருந்தால் அப்பனோ ஆத்தாளோ போய்விட்டார்கள் என்று அர்த்தம். தெருவில் யாரும் வாய்விட்டு விசாரிக்க மாட்டார்கள், முகத்தைப் பார்த்தே தெரிந்துகொள்வார்கள். கொளஞ்சிநாதனின் அம்மா செத்தபோது அவனுக்கு மீசையே முளைத்திருக்கவில்லை. அப்பா விருத்தகிரியோ அந்நேரம் வீட்டு வாசலில் கட்டிலில் உட்கார்ந்து, மருமகள் கிண்டிவைத்த கேழ்வரகுக் களியைக் கீரைக் குழம்பில் தொட்டுச் சாப்பிட்டுக்கொண்டிருந்தார்.

தலை முடிந்தது. மீசையில் வலதுபக்கமும் முடிந்தது. இடதுபக்கத்துக்குக் கத்தி வரும்போது மன்றப் பொருளாளருக்குப் போன் வந்தது.

"டேய், அண்ணன் சாவலடா! கஞ்சி குடிக்கிறாராம்! டிவில போடறான்!"

மேளக்காரர்கள் அப்படியே அடியை மாற்றினார்கள். ஆட்டம் கிளம்பியது. அழுத கண்ணோடு குந்தியிருந்த கொளஞ்சிநாதனும் எழுந்து ஆடினான். அன்பரசன் கத்தியை வைத்துக்கொண்டு அவன் பின்னாலேயே நடந்தார்.

"கொளஞ்சி, ஆடுறதெல்லாம் சரி. மீதிய என்னா பண்ண?"

அவன் மூக்குக்குக் கீழே தடவிப் பார்த்தான். முகம் செத்துப்போனது.

"பாதியோட எப்பிடிண்ணா வூட்டுக்குப் போவேன்? எடுத்துடுங்க."

இது அத்தனையையும் கோகுலகிருஷ்ணன் எடுத்துக்கொண்டிருந்தான். படித்துவிட்டு ஊரோடு இருந்து சேனல் நடத்துகிறவன். சாயங்காலத்துக்குள் தமிழ்நாடே 'மீதிய என்னா பண்ண' என்று சிரித்தது.

வீட்டில் யாரும் சிரிக்கவில்லை. மகன் வாசலில் வந்து நின்றதைப் பார்த்ததும் விருத்தகிரி தட்டைக் கீழே வைத்தார்.

"யாருடா செத்தது?"

"யாரும் சாவலப்பா."

"யாரும் சாவலன்னா மீசை எங்கடா?"

கொளஞ்சிநாதன் தலையைக் குனிந்துகொண்டான். உள்ளேயிருந்து வந்த மகள் மதிவதனிதான் தாத்தாவிடம் விஷயத்தைச் சொன்னாள். அவள் காலேஜ் படிக்கிறாள், எதையும் சுருக்கமாகச் சொல்லத் தெரியும். விருத்தகிரி முழுக்கக் கேட்டார். மார்க்கெட் கமிட்டியில் முப்பது வருஷத்துக்கு மேல் நெல்லும் மணிலாக்கொட்டையும் மூட்டை தூக்கியவர். தோள் இன்னும் கல் மாதிரி இருக்கும், கோபம் வந்தால் தெரு அதிரும். அன்றைக்குச் சத்தமே போடவில்லை.

"நான் இன்னும் இருக்கேனேடா" என்றார். பிறகு எழுந்துபோய்த் தட்டைத் தானே கழுவி வைத்தார்.

மறுநாள் அதே கம்பெனியில் வேலை பார்க்கிற கொளஞ்சிநாதனின் மனைவி அமுதவள்ளிக்குப் பேச்சு கேட்டே காது வலித்தது. கார்த்திகைக்கு அகல் விளக்கு ஆர்டர் குவிந்திருந்த நேரம். ஐப்பசி மழை விட்டபாடில்லை, அச்சிலிருந்து எடுத்த விளக்கு காயாமல் ஈரமாகவே உட்கார்ந்திருந்தது. காய்ந்ததை எடுத்துப் பளபளப்புக் கொடுக்கிற கிளேஸ் பாலில் முக்கி, அடியை ஈரப் பஞ்சால் துடைத்து அடுக்க வேண்டும். அடியைத் துடைக்காமல் விட்டால் சூளையில் வெந்ததும் தட்டோடு ஒட்டிக்கொள்ளும். அதுதான் அமுதவள்ளி வேலை.

பக்கத்தில் ஜெனிபர் இருந்தாள். "யக்கா, எங்க சர்ச்சுல பூசை முடிஞ்சி எல்லாம் ஒங்க வூட்டுக்காரரதான் பாத்துட்டு நின்னாங்க. சாமியாரே பாத்தாரு."

"பாக்கட்டும். காசா பணமா."

"அண்ணன் என்னா சொல்றாரு?"

"போனையே பாத்துட்டு இருக்காரு. எத்தன பேரு பாத்துருக்கான்னு நிமிஷத்துக்கு ஒருதரம் சொல்றாரு. உள்ளுக்குள்ள குஷிதான்."

"ஒங்க மாமனாரு?"

அமுதவள்ளி அடுத்த விளக்கை எடுத்து அடுக்கினாள். அந்த வரிசை முழுக்க அடியைத் துடைக்காமலே அடுக்கியிருந்தாள். மேஸ்திரி வந்து கத்திய பிறகுதான் தெரிந்தது.

அன்று வேலை முடிந்து வீட்டுக்கு வந்தபோது மாமனார் நனைந்த வேட்டியைப் பிழிந்து கொடியில் போட்டுக்கொண்டிருந்தார்.

"மழையில எங்க மாமா போனீங்க?"

"மணவாளநல்லூருக்கு."

"கோயிலுக்கா?"

"ம். பிராது கட்டிட்டு வந்தேன்."

அவள் கையில் இருந்த சாப்பாட்டுத் தூக்கு நழுவியது. மணவாளநல்லூர் கொளஞ்சியப்பர் கோயிலில் பிராது கட்டுவது என்றால் இந்தப் பக்கத்தில் விளையாட்டில்லை. போலீஸில் எழுதிக் கொடுத்தால் பேசிச் சரிக்கட்டலாம். இங்கே எதிராளி பேர், ஊர், குறை எல்லாம் எழுதிச் சாமி காலடியில் வைத்து, மடித்து நூல் சுற்றி, முனியப்பர் சந்நிதியில் வேலில் கட்டிவிடுவார்கள். எதிராளி ஊர் எவ்வளவு தூரமோ அதற்குத் தக்கபடி கட்டணம். முனியப்பர் அவ்வளவு தூரம் போய் விசாரித்து வர வேண்டுமே.

"யாரு மேல மாமா?"

"ரெண்டு பேரு மேல. ஒருத்தன் மெட்ராஸ்காரன், அந்த நடிகன். இன்னொருத்தன் எங்க வூட்லதான் இருக்கான்னு சொன்னேன். வூட்டுக்கு எவ்ளோ தூரம் போடறது பெரியவரேன்னு எழுதுற தம்பி கேட்டுச்சி. நீயே பாத்துப் போட்டுக்கப்பான்னேன்."

"பெத்த புள்ள மேலயா? அந்தச் சாமி பேரயே வச்சிட்டு, அந்தச் சாமிகிட்டயே போயி..."

"அவுருகிட்ட கேட்டு வாங்குன புள்ளம்மா. கொறைன்னா அவுருகிட்டத்தான சொல்ல முடியும்?" அவர் வேட்டியை உதறினார். "நான் போறப்ப எடுக்கன்னு இருந்த மீசை அது. நம்மளுக்குச் சொத்தா பத்தா? அது ஒண்ணுதான் இருந்துச்சி."

அமுதவள்ளிக்கு அவரைத் திட்டவும் முடியவில்லை, புருஷனுக்காகப் பேசவும் வாய் வரவில்லை. விஷயத்தைச் சொன்னபோது கொளஞ்சிநாதன் சிரித்தான். "கட்டட்டும். முனியப்பரு என்னா, எனக்குச் சம்மனா அனுப்புவாரு?" என்றான். சிரிப்பு பாதியில் நின்றது. அவனும் இந்த ஊர்க்காரன்தான்.

அந்த வாரமே சூளையில் அடுக்கும்போது கல்தட்டு ஒன்று சரிந்து அவன் பாதத்தில் விழுந்தது. எலும்பில் கீறல் விட்டிருந்தது. ஆஸ்பத்திரியில் கட்டுப்போட்டு, காலை ஊன்றாதே என்று அனுப்பினார்கள். தட்டு விளிம்பு தேய்ந்திருந்தது, எப்போது வேண்டுமானாலும் சரியக்கூடியதுதான் என்று கூட வேலை செய்தவர்கள் சொன்னார்கள். அமுதவள்ளி அதைக் காதில் வாங்கவே இல்லை. இன்றைக்குக் கால், நாளைக்கு என்ன என்றுதான் அவள் நினைத்தாள். பிராதைக் கட்டியவர்தான் வாபஸ் வாங்க முடியும். வேறு யார் போய் நின்றாலும் ஆகாது.

அடிபட்டவனைப் படம் எடுக்கத்தான் கோகுலகிருஷ்ணன் வீட்டுக்கு வந்தான். கொளஞ்சிநாதன் புதுச் சட்டை போட்டு, காலை ஸ்டூலில் தூக்கி வைத்து, எழில்மாறன் படத்தைப் பின்னால் மாட்டிக்கொண்டு பேசினான். பேசியதையே மூன்று விதமாகப் பேசினான். கோகுலகிருஷ்ணனுக்குச் சலிப்புத் தட்டியது. கிளம்பும்போது வாசலில் கட்டிலில் இருந்த விருத்தகிரி பக்கம் போனைத் திருப்பினான்.

"தாத்தா, நீங்க என்னா நெனைக்கிறீங்க?"

"நான் உசுரோட குத்துக்கல்லாட்டம் ஒக்காந்திருக்கேன். எம்மவன் யாருக்கோ மீசைய எடுத்துட்டு வந்து நிக்கிறான். அவன்தான் இவனுக்கு அப்பன்னா, அப்ப நான் யாரு?"

அவ்வளவுதான் சொன்னார். கண்ணில் தண்ணீர் கட்டி நின்றது, துடைக்கவில்லை.

'அப்ப நான் யாரு' ஊரைப் பிடித்துக்கொண்டது. டிக்கெட் கேட்காமல் தாண்டிப் போனால் கண்டக்டர் கேட்டார், அப்ப நான் யாரு. சாம்பார் ஊற்றாமல் போனால் ஓட்டலில் கேட்டார்கள். ஸ்கூல் பிள்ளைகள் கட்டிப்புரண்டு கேட்டுக்கொண்டார்கள். கம்பெனியில் அச்சு ஊற்றுகிற பெண்கள் அதற்குப் பாட்டே கட்டிவிட்டார்கள். மகனுடைய மொட்டை மறந்தே போயிற்று. கொளஞ்சிநாதன் கட்டுப்போட்ட காலோடு டீக்கடைக்குப் போனால், 'இவருதான் அந்தத் தாத்தாவோட பையன்' என்று காட்டினார்கள்.

பார்க்க ஆட்கள் வந்தார்கள். திட்டக்குடியிலிருந்து ஒரு வேன் நிறைய வந்தது. நல்லூரிலிருந்து புதுசாகக் கல்யாணமான ஜோடி ஒன்று வந்து காலில் விழுந்தது. எல்லாரும் ஒன்றைத்தான் கேட்டார்கள்.

"தாத்தா, அதைச் சொல்லுங்க தாத்தா."

முதலில் வந்தவர்களை விருத்தகிரி அடிக்காத குறையாக விரட்டினார். "என் வவுத்தெரிச்சல் ஒங்களுக்கு வேடிக்கயாடா?" என்றார். அதையும் எடுத்துப் போட்டார்கள், அதுவும் ஓடியது. அடுத்து வந்தவர்களுக்கு வேண்டாவெறுப்பாகச் சொன்னார். அப்புறம் வந்தவர்களுக்குக் கேட்டவுடன் சொன்னார். ஒருநாள் அமுதவள்ளி வேலைக்குக் கிளம்பும்போது கூப்பிட்டார்.

"அமுதா, அந்த வெள்ளச் சட்டய கஞ்சி போட்டுத் தேச்சி வைம்மா. பதினோரு மணிக்கு மேல ஆளுங்க வருவாங்க."

கடலூர் ரோட்டில் ஒரு செல்போன் கடையை அவரை வைத்துத் திறந்தார்கள். ரிப்பனை வெட்டச் சொன்னால், கத்தரிக்கோலைப் பிடித்தபடி போட்டோ எடுக்கிறவர் தயாராகும்வரை காத்திருந்தார். யார் சொல்லிக் கொடுத்தார்கள் என்று தெரியவில்லை. சாயங்காலமானால் பேத்தியைப் பக்கத்தில் உட்கார வைத்துக்கொள்வார்.

"என்னா எழுதியிருக்கான் படி."

"சூப்பர் தாத்தான்னு ஒருத்தரு. எங்கப்பா நெனப்பு வந்துடுச்சின்னு ஒருத்தரு. மலேசியாவுலேருந்து ஒரு அம்மா, அழுதுட்டேன்னு போட்டிருக்காங்க."

"திட்டி எழுதியிருக்கானா எவனாச்சும்?"

மதிவதனி தயங்கினாள். "ஒருத்தன், கெழவன் நல்லா நடிக்கிறாருன்னு போட்டிருக்கான்."

"நடிக்கிறேனா நானு?" அன்றைக்கு அவர் சரியாகச் சாப்பிடவில்லை.

அமுதவள்ளி நேரம் பார்த்து நேரம் பார்த்துக் கேட்டாள். "மாமா, அவுரு காலு இப்பிடி ஆயிடுச்சி. பிராத வாபஸ் வாங்கிடலாம் மாமா. நானும் கூட வரேன்."

"ஆவட்டும்மா, பாக்கலாம்."

"எப்ப மாமா?"

"இப்ப வாபஸ் வாங்கிட்டா வர்றவங்ககிட்ட என்னா சொல்றது?"

அவர் இதைத் தமாஷுக்குச் சொல்லவில்லை. உண்மையாகவே யோசித்துத்தான் சொன்னார். அமுதவள்ளிக்கு அப்போதுதான் புரிந்தது. சண்டை இருக்கிறவரைதான் வாசலில் கூட்டம் இருக்கும். கூட்டம் இருக்கிறவரை சண்டை தீராது.

இந்த நிலைமையில்தான் சென்னையிலிருந்து ஒரு டிவி கூப்பிட்டது. பிரிந்துபோனவர்களை மேடையில் சேர்த்துவைக்கிற நிகழ்ச்சியாம். போனில் பேசிய பெண் மரியாதையாகப் பேசினாள். வண்டி, தங்க இடம் எல்லாம் சொல்லிவிட்டுக் கடைசியில் ஒன்று சேர்த்துக்கொண்டாள்.

"சார், அதுக்குள்ள வீட்டுலயே பேசி சமாதானம் ஆயிடாதீங்க சார். அங்க வந்து ஃபர்ஸ்ட் டைம் பேசினாத்தான் நல்லா வரும்."

சரிங்க, சரிங்க என்று விருத்தகிரி தலையை ஆட்டினார்.

சென்னைக்குப் போக இருந்த நாளுக்கு முந்தின நாள். வெளியே மழை விட்டு மாலை வெயில் மஞ்சளாக அடித்தது. அமுதவள்ளி அடுப்பில் நெத்திலிக் கருவாட்டுக் குழம்பு வைத்திருந்தாள். மாமனாருக்குப் பிடித்தது. வாசலில் யாருமில்லை, தெருவிலும் ஆளில்லை. கொளஞ்சிநாதன் சுவரைப் பிடித்து நொண்டிக்கொண்டு போய் அப்பாவின் கட்டிலுக்குப் பக்கத்தில் தரையில் உட்கார்ந்தான்.

"யப்பா."

அவர் தெருவைப் பார்த்துக்கொண்டிருந்தார்.

"யப்பா, நான் தப்பு பண்ணிட்டேன். அந்தாளு சினிமாவுல அவங்க அப்பாவத் தோள்ல தூக்கினு போவாரு. சின்னப்புள்ளையில பாத்தேன். நீ மூட்டை தூக்கினு போவ, நான் அவுரப் பாத்துட்டு இருந்தேன். ஒன்னயப் பாக்கல." மூக்குக்குக் கீழே தடவிக்கொண்டான். "கத்தி வச்சப்ப ஒன் மொகம் ஞாபகத்துக்கு வரவேயில்லப்பா. அதாம்ப்பா எனக்குத் தாங்கல."

அவன் அவருடைய காலைப் பிடித்துக்கொண்டு அழுதான். கூட்டத்துக்கு முன்னால் அழுகிற அழுகை இல்லை. மூக்கு ஒழுகி, வாய் கோணி, பார்க்கச் சகிக்காத அழுகை. விருத்தகிரியின் கண்ணும் நிறைந்தது. வலது கையைத் தூக்கி, முடி அரும்பியிருந்த அவன் தலைக்குக் கிட்டே கொண்டுபோனார். அடுப்படியிலிருந்து அமுதவள்ளி பார்த்துக்கொண்டிருந்தாள்.

கை தலையைத் தொடவில்லை. திரும்பி அவர் மடிக்கே போய்விட்டது.

"இத இங்க சொல்லாதடா" என்றார் மெதுவாக. "அங்க வந்து இதே மாதிரி சொல்லு. இங்க சொல்லிட்டா அங்க வராது."

கொளஞ்சிநாதன் தலையைத் தூக்கி அப்பாவைப் பார்த்தான். முகத்தைத் துடைத்துக்கொண்டு, சரிப்பா என்றான். அமுதவள்ளிக்கு அழுகை வரவில்லை, ஆத்திரம்தான் வந்தது. குழம்பை இறக்கிவைத்த வேகத்தில் பாதி அடுப்பில் சிந்தியது.

சென்னையில் நடந்ததை அவள் கூடப் போய்ப் பார்த்தாள். அத்தனை விளக்குகளை அவள் ஒரே இடத்தில் பார்த்ததில்லை. சூளைக்குப் பக்கத்தில் நிற்கிற மாதிரி அனல். அப்பாவை ஒரு பக்கமும் மகனை ஒரு பக்கமும் நிறுத்தினார்கள். விருத்தகிரி 'அப்ப நான் யாரு' சொன்னதும் உட்கார்ந்திருந்தவர்கள் கைதட்டினார்கள். கொளஞ்சிநாதன் மன்னிப்புக் கேட்டான். அழுகை வரவில்லை. இன்னொருதரம் கேட்கச் சொன்னார்கள். இரண்டாந்தரமும் வரவில்லை. தொகுத்து வழங்குகிறவர் வந்து தோளில் கைபோட்டு, "சார், அப்பாவோட பழைய கஷ்டமெல்லாம் நெனச்சிக்கோங்க சார்" என்றார். மூன்றாந்தரம் அவன் முகத்தைக் கையால் மூடிக்கொண்டான், பாட்டுப் போட்டார்கள். அப்பாவை ஓடிப்போய்க் கட்டிப்பிடிக்கச் சொன்னார்கள். காலில் கட்டு இருந்ததால் அவன் ஓட முடியாது, அவரையே ஓடச் சொன்னார்கள். அவர் வேட்டியைப் பிடித்துக்கொண்டு ஓடினார். கட்டிப்பிடித்தார். மறுபடியும் ஒருதரம் ஓடினார், முதல்தரம் கேமராவுக்கு முதுகு காட்டிவிட்டாராம்.

ரயிலில் திரும்பும்போது மூவரும் ஆளுக்கொரு பக்கம் பார்த்துக்கொண்டு வந்தார்கள்.

ஞாயிற்றுக்கிழமை நிகழ்ச்சி வந்தது. தெருவே பார்த்தது, பெண்கள் கண்ணைத் துடைத்துக்கொண்டார்கள். அடுத்த நாலைந்து நாள் ஆட்கள் வந்தார்கள். பிறகு குறைந்தார்கள். பிறகு நின்றுவிட்டார்கள். திட்டக்குடியை அடுத்த மங்களூர்ப் பக்கம் ஓர் ஆடு தினமும் தானாகவே பஸ் ஏறி, சந்தைமேட்டில் இறங்கிக்கொள்கிறதாம். கோகுலகிருஷ்ணன் ஆட்டைத் தேடிப் போய்விட்டான். விருத்தகிரி கஞ்சி போட்ட சட்டையோடு பதினோரு மணிக்குக் கட்டிலில் வந்து உட்காருவார். மத்தியானம் சாப்பாட்டுக்கு எழுவார். மறுபடி வந்து உட்காருவார். அமுதவள்ளிக்குக் கோபத்தையெல்லாம் மீறிப் பாவமாக இருந்தது.

அப்பாவும் மகனும் நன்றாகத்தான் பேசிக்கொண்டார்கள். சாப்ட்டியா, சாப்ட்டேன், மழை வருமா, வரும். விருந்தாளிகள் மாதிரி.

அவன் கால்கட்டைப் பிரித்த பிறகும் வீக்கம் வற்றவில்லை. ஒரு சாயங்காலம் அமுதவள்ளி பொறுக்கமாட்டாமல் மாமனார் முன்னால் வந்து நின்றாள்.

"மாமா, நாளைக்கி ரெண்டாவது ஷிப்ட் எனக்கு. காலையில மூணு பேரும் கோயிலுக்குப் போயிட்டு வந்துடலாம்."

"எதுக்கும்மா? எல்லாந்தான் முடிஞ்சிடுச்சே. டிவிலயே சொல்லியாச்சி."

"சாமி டிவி பாக்குமா மாமா? கட்டுனது நீங்க. நீங்கதான் வாயால சொல்லணும்."

அவர் மறுக்கவில்லை. மறுநாள் ஷேர் ஆட்டோவில் போனார்கள். கிருத்திகையோ விசேஷமோ இல்லாததால் கோயிலில் கூட்டம் அதிகமில்லை. கொளஞ்சியப்பருக்கு முகமோ கையோ கிடையாது. கல்லாகத்தான் நிற்பார், அதற்குத்தான் அலங்காரம். ஆபீசில் சொல்லி, பூசாரி முன்னால் போய் நின்றார்கள். எங்கிருந்து வருகிறீர்கள், என்றைக்குக் கட்டினீர்கள் என்றெல்லாம் அவர் விசாரித்தார். டிவியில் பார்த்த முகம் என்று அவருக்குத் தெரிந்ததாகத் தெரியவில்லை. காலையிலிருந்து இதே வேலையாக இருக்கிறவர், தட்டில் திருநீற்றை ஒதுக்கிக்கொண்டே கேட்டார்.

"என்னா கொறைன்னு கட்டுனீங்க?"

"மவன் மேலங்க."

"தீந்துதா பெரியவரே? தீந்துதுன்னா சாமியப் பாத்துச் சொல்லிடுங்க."

விருத்தகிரி சந்நிதியைப் பார்த்தார். வாயைத் திறந்தார், மூடினார். சொல்லிச் சொல்லிப் பழகிய வாய் அது, எந்தக் கூட்டத்துக்கு முன்னாலும் தயங்கியதில்லை.

"தீரலங்க" என்றார்.

அமுதவள்ளிக்குத் தூக்கிவாரிப் போட்டது.

"அப்ப வாபஸ் ஆவாது. தீந்த பிற்பாடு வாங்க" என்று சொல்லிவிட்டுப் பூசாரி அடுத்த ஆளைப் பார்த்தார்.

வெளியே மண்டபத்துத் தூணோரம் வந்ததும் அமுதவள்ளி வெடித்தாள். இத்தனை நாளும் அடக்கிவைத்தது. "அப்ப டிவில கட்டிப் புடிச்சீங்களே மாமா, அது என்னாது?"

"அவங்க ஓடிப்போயி புடின்னாங்க. புடிச்சேன்."

"வூட்ல ஒங்க கால்ல உழுந்து அழுதாரே? அப்பவாச்சும் தீரலயா?"

விருத்தகிரி தூணில் முதுகைச் சாய்த்துக் கீழே உட்கார்ந்துவிட்டார். கொஞ்சநேரம் கையையே பார்த்துக்கொண்டிருந்தார்.

"அன்னிக்கித் தீந்துருக்கும்மா" என்றார். "நான்தான் கைய எடுத்துட்டேன். நாலு பேரு பாக்கறப்ப வைக்கலாம்னு எடுத்துட்டேன். அங்க போயி இவன் தலையில கைய வச்சா, கைக்கு ஒண்ணுமே தெரியல. மரக்கட்டையத் தொட்டாப்புல இருந்துச்சி." துண்டால் கையைத் துடைத்துக்கொண்டார். "புள்ள காலடியில வந்து அழுவுது, நான் நாளைக்கி வந்து அழுன்னு சொன்னேன் பாரு. நானெல்லாம் ஒரு அப்பன்."

அமுதவள்ளிக்கும் கண் நிறைந்தது. கொளஞ்சிநாதன் காலை நீட்டியபடி மெல்ல அப்பாவுக்குப் பக்கத்தில் உட்கார்ந்தான்.

"இருக்கட்டும்ப்பா. தீரும்போது தீரட்டும். எங்க போயிடப்போறேன், இங்கதான் இருக்கேன்."

யாரோ ஒருவர் மொட்டையடித்த குழந்தையைத் தோளில் போட்டுக்கொண்டு கடந்து போனார். விருத்தகிரி திரும்பி மகன் முகத்தைப் பார்த்தார். ரொம்ப நாளைக்குப் பிறகு கிட்டத்தில் பார்க்கிறவர் மாதிரி பார்த்தார். கையைக் கொண்டுபோய் அவன் மேலுதட்டைக் கட்டைவிரலால் தடவினார். கட்டைவிரலில் குத்தியது.

"மொளைக்குதா?"

"மொளைக்குதுப்பா. அரிப்புத் தாங்கல."

"நரைச்சில்ல மொளைக்குது."

"ஆமாம்ப்பா. பழசு கருப்பா இருந்துச்சி, இது பாதி வெள்ளயா வருது."

விருத்தகிரி விரலை எடுக்கவில்லை.

"மெதுவா வளரட்டும்" என்றார். "எனக்கு ஒண்ணும் அவசரமில்ல."

கொளஞ்சிநாதனுக்குச் சிரிப்பு வந்தது. சிரிக்கச் சிரிக்கவே அழுகை வந்தது, மூக்கு ஒழுகியது, வாய் கோணியது. விருத்தகிரி துண்டால் அவன் முகத்தைத் துடைத்துவிட்டார். பிறகு தூணைப் பிடித்து எழுந்து நின்று, அவனுக்குக் கையைக் கொடுத்தார்.

"ஏந்திரு. அந்தப் பூசாரி போறதுக்குள்ள சாமிகிட்ட சொல்லிட்டு வந்துடலாம். மருமவளுக்கு வேலைக்கு நேரமாவுது."